சந்தேகப் பெட்டியில் முப்பத்திரண்டு வெற்றுச் சீட்டுகள்

இந்த அவையைப் பொறுமையோடு நடத்திவரும் தலைவர் அவர்களே! என்னைவிட அதிகம் கற்று, என்னைவிடக் குறைவாகப் பேசும் மூத்த ஆசிரியர்களே! வேலை முடிந்த கையோடு, உடுப்பைக்கூட மாற்றாமல் வந்து அமர்ந்திருக்கும் தாய்மார்களே! நாற்காலி போதாமல் கதவோரம் நிற்கும் தம்பிகளே, தங்கைகளே! அனைவருக்கும் என் பணிவான வணக்கம்.

நம் மாலைநேர ஆங்கில வகுப்பின் பன்னிரண்டாம் ஆண்டு விழாவில் எனக்கு ஒரு கேடயம் தந்திருக்கிறீர்கள். "சந்தேகம் தீர்த்த ஆசிரியை" என்று அதில் பொறித்திருக்கிறீர்கள். நடுச்சொல் எனக்குப் பொருந்தாது. சந்தேகத்தை நான் தீர்க்கவில்லை, தீர்த்துக்கட்டினேன்.

கைதட்டாதீர்கள். இது தன்னடக்கம் அல்ல.

நான் கொண்டுவந்து மேசையில் வைத்திருக்கும் இந்தத் தகரப் பெட்டியைப் பழைய மாணவர்கள் அறிவார்கள். மூடியில் ஒரு துளை, பக்கத்தில் "சந்தேகப் பெட்டி" என்று என் கையெழுத்து. வெள்ளிக்கிழமை வகுப்புக்கு வருகிற ஒவ்வொருவரும் ஒரு சீட்டுப் போட்டுவிட்டுத்தான் உள்ளே வரவேண்டும். அது என் சட்டம். பெயர் வேண்டாம், கேள்வி போதும்.

எத்தனை கேள்விகள்! எத்தனை ஏக்கங்கள்! இரவு ஏழு மணிக்கு ஒருவரைப் பார்த்ததும் 'குட் நைட்' சொல்லலாமா? நூற்றைந்து என்பதற்கு நடுவில் 'அண்ட்' வேண்டுமா? ஆண்டை இரண்டிரண்டு எண்ணாகப் பிரித்துச் சொல்வதா, ஆயிரத்தில் தொடங்குவதா? "நீங்கள் வீட்டில் எத்தனையாவது பிள்ளை?" என்று ஆங்கிலத்தில் எப்படிக் கேட்பது?

தெரிந்தவற்றுக்குப் பதில் சொன்னேன். தெரியாதவற்றுக்கு? நடித்துக் காட்டினேன்! எழுதியவர் குரலிலேயே சீட்டைப் படிப்பேன். வகுப்பு குலுங்கும். அந்தக் குலுங்கலில் கேள்வி காணாமல் போகும். நான் அடுத்த சீட்டை எடுத்துவிடுவேன்.

ஒரு வெள்ளிக்கிழமை வந்த சீட்டின் பின்புறம், ஒரு மருத்துவமனைச் சலவைப் பிரிவின் முத்திரை இருந்தது. அங்கே துணி தேய்க்கும் பெண் ஒருவர் நம் வகுப்பில் இருந்தார். எல்லோருக்கும் அவர் 'இஸ்திரி அக்கா'. அதே மருத்துவமனையின் தொலைபேசி மேசையில் ஓர் இடம் காலியாகி இருந்தது. அடுத்த வாரம் தேர்வு. எண்களை ஆங்கிலத்தில் படித்துக் காட்ட வேண்டும். பத்து வருடம் நீராவியில் வெந்த கைகளுக்கு அதுதான் வெளியேறும் கதவு. இது எனக்குத் தெரியும். தெரிந்துதான் செய்தேன்.

"போன் நம்பரில் சைபர் வந்தால் 'ஜீரோ' என்பதா, 'ஓ' என்பதா? ஒரே எண் மூன்று தரம் வந்தால் எப்படிச் சொல்வது?" இதுதான் கேள்வி.

நான் கரும்பலகை அழிப்பானை எடுத்துக் காதில் வைத்தேன். "அலோ, அலோ! அய்யய்யோ, காது சுடுதே! போன்னு நெனச்சு இஸ்திரிப் பெட்டிய எடுத்துட்டேனே! சைபர் வந்தா 'ஓ'ன்னு அழுங்கக்கா. மூணு வந்தா மூணு தரம் அழுங்க!"

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். அன்றும் இதே சிரிப்புத்தான். அத்தனை தலையும் ஒரே பக்கம் திரும்பின. அவரும் சிரித்தார். அந்தச் சிரிப்பைத்தான் என்னால் இன்னும் மறக்க முடியவில்லை.

அடுத்த வெள்ளிக்கிழமை பெட்டியில் முப்பத்திரண்டு சீட்டுகள். பிரித்தேன், வெற்றுத்தாள். இன்னொன்று, வெற்றுத்தாள். முப்பத்திரண்டும் வெற்றுத்தாள்! சட்டத்தை மீறவில்லை, ஆனால் என்னை நம்பவும் இல்லை. நான் என்ன செய்தேன் தெரியுமா? "பார்த்தீர்களா, என் வகுப்பில் யாருக்கும் சந்தேகமே மிச்சமில்லை!" என்று மார்தட்டினேன். இஸ்திரி அக்கா அன்று வரவில்லை. அதன் பிறகும் வரவில்லை.

போன மாதம் என் கணவருக்கு வேலையிடத்தில் நெஞ்சுவலி. அதே மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். நான் தொலைபேசியில் அழைத்தேன். ஒரு பெண் குரல் இதயப் பிரிவின் எண்ணை ஆங்கிலத்தில் சொன்னது. நிதானமாக, பிசிறில்லாமல். பாதி எண்ணைத்தான் எழுதியிருந்தேன். மறுபடி கேட்டேன். மறுபடி சொன்னது. மூன்றாம் தரமும் கேட்டேன்.

"பரவால்ல, மெதுவா எழுதுங்க. எத்தன தடவ வேணும்னாலும் சொல்றேன், டீச்சர்."

டீச்சர்!

"அக்கா... நீங்களா?"

"குரல் கேட்டப்பவே தெரிஞ்சுடுச்சு. அந்த வருஷம் பரிட்சைக்குப் போகல. வாயத் திறந்தா சிரிப்புச் சத்தம் கேட்டுச்சு. நாலு வருஷம் கழிச்சு மறுபடி எடம் காலியாச்சு, போனேன்."

"அன்னைக்கு உங்க கேள்விக்கு நான்..."

"அதெல்லாம் நானே கண்டுபிடிச்சுட்டேன். நீங்க மொதல்ல நம்பர எழுதுங்க."

நான்கு ஆண்டுகள்! 'இரண்டுமே சரி, மூன்று எண்ணையும் தனித்தனியாகச் சொன்னாலும் புரியும்' என்று ஏழு சொல்லில் முடிந்திருக்க வேண்டிய பதில், ஒரு பெண்ணை நான்கு ஆண்டுகள் நீராவியில் நிறுத்தியது. ஏன் சொல்லவில்லை? இரக்கம் இல்லாததாலா? இல்லை. நேரம் இல்லாததாலா? இல்லை. அவையோரே, அந்தக் கேள்விக்கு அன்று எனக்கே பதில் தெரியாது! தெரியாது என்று சொல்ல வெட்கப்பட்டேன். என் வெட்கத்தைத் தூக்கி அவர் தலையில் வைத்தேன்.

என் கணவர் தேறி முன்வரிசையில் இருக்கிறார். அந்த அக்காவும் இந்த மண்டபத்தில் இருக்கிறார். தயவுசெய்து யாரும் திரும்பிப் பார்க்காதீர்கள். ஒரு தரம் எல்லோரும் திரும்பிப் பார்த்தது போதும்.

அக்கா, மன்னிப்பதும் மன்னிக்காமல் விடுவதும் உங்கள் உரிமை. வகுப்பின் முன் அவமதித்தேன். அதே வகுப்பின் முன் சொல்ல வந்தேன்.

கேடயத்தை மேசையிலேயே விட்டுச் செல்கிறேன். பெட்டியை மறுபடி வாசலில் வைக்கிறேன். முதல் சீட்டு என்னுடையது, என் பெயரோடு: "எத்தனையாவது பிள்ளை என்று ஆங்கிலத்தில் நேராகக் கேட்க எனக்கு இன்றும் தெரியவில்லை. தெரிந்தவர்கள் சொல்லித்தாருங்கள்."

இதோ, போடுகிறேன்.

இவ்வளவு நேரம் சிரித்ததற்கும், பிறகு சிரிக்காமல் இருந்ததற்கும் நன்றி. வணக்கம்.