பொன்னுராஜ் அண்ணன் வாங்கிய நைட்டிகள்

தலைமையேற்றிருக்கும் சங்கத் தலைவி சங்கிலியம்மாள் அவர்களே, முன்வரிசைப் பெரியோர்களே, விடியுமுன் ஜீப்பேறி, ஏலக்காய்த் தோட்டத்தில் பாடுபட்டு, பொழுதோடு மலையிறங்கி, கால்வலியோடு வந்து அமர்ந்திருக்கும் தாய்மார்களே, வணக்கம். நான் வியாகுலமேரியின் மகள். எங்கள் வீட்டின் முதல் பட்டதாரி. மேடையில் பேசிப் பழகாதவள். தடுமாறினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

"சத்தமாப் பேசு ஆத்தா" என்கிறீர்கள். பேசுகிறேன்.

உத்தமபாளையத்தில் ஓர் ஆன்லைன் கம்பெனியின் ஆபீஸில் வேலை பார்க்கிறேன். வாங்குபவர்களை அங்கே வகை பிரிப்போம். தள்ளுபடிக்குக் காத்திருப்பவர் ஒரு வகை. திருவிழாவுக்கு மட்டும் வாங்குபவர் ஒரு வகை. பார்த்துப் பார்த்து வாங்காமலே போகிறவர் ஒரு வகை. சிரிக்கிறீர்கள், அவர்களும் இங்கே இருக்கிறார்கள் போல.

நாட்டையே வகை பிரித்த கம்ப்யூட்டர், கம்பத்தில் ஒருவரிடம் திணறியது. யாரிடம்? நம் ஜீப் ஓட்டும் பொன்னுராஜ் அண்ணனிடம்.

பகலெல்லாம் நீங்கள் இருக்கும் மலையில் போனுக்கு டவர் இல்லை; அண்ணனோ உங்களை இறக்கிவிட்டு ஸ்டாண்டுக்குத் திரும்பிவிடுவார். அதனால் எல்லோருக்கும் அவர் போனில் ஆர்டர், அவர் பெயரில் ஆர்டர். எல்லா அளவிலும் நைட்டி, கொலுசு, வளையல், பிள்ளைக்கு நடைவண்டி. ஒரே ஆளுக்கு இத்தனை நைட்டி எதற்கு? வாங்கி விற்கும் வியாபாரி என்று முடிவுகட்டி, அவர் கணக்கையே தலைமை அலுவலகத்தில் முடக்கிவிட்டார்கள்.

அதில் சிக்கியது, என் தங்கை இவாஞ்சலின் கோயிலில் முதன்முதலாக நற்கருணை வாங்கும் புதுநன்மைக்கு அம்மா ஆர்டர் சொல்லியிருந்த வெள்ளைக் கவுன். எங்கள் ஆபீஸ் வரை வந்து அங்கேயே கிடந்தது. கொடுக்க அனுமதி இல்லை. வருகிற ஞாயிற்றுக்கிழமை பூசை.

"ஏலே பொன்னுராசு, கவுனு என்னாச்சு?" என்றார் அம்மா.

"என்னைய யாவாரினு சொல்லிட்டாகக்கா. நைட்டி விக்கிற மூஞ்சியா இது?"

அம்மா சிரிக்கவில்லை.

மேலதிகாரியைக் கண்டாலே நடுங்குகிற நான், தலைமை அலுவலகத்துக்குப் போன் போட்டேன். அவர் வியாபாரியா? இல்லை. ஒரு வாடிக்கையாளரா? அதுவும் இல்லை. அவர் ஒரு ஜீப் என்றேன். ஒரு ஜீப் நிறையப் பெண்கள். உழைத்த கூலியில் யோசித்து வாங்கும் பெண்கள். வாங்கியதைத் திருப்பி அனுப்பாத பெண்கள்.

நேற்றுக் கணக்கைத் திறந்தார்கள். இன்று கவுன் வீட்டுக்கு வந்தது. அளவும் சரி. அப்பாடா என்றிருக்கிறது.

இவ்வளவு நேரம் கேட்கத் தயங்கிய ஒன்றை இப்போது கேட்கிறேன். அந்தக் கவுன் பொட்டலத்திலும் அண்ணன் பெயர்தான். "யாரு பேருல வந்தா என்னடி, கவுனு கவுனுதான" என்கிறார் அம்மா. இருக்கட்டும். போன் அண்ணனுடையதாகவே இருக்கட்டும். இடம் ஜீப் ஸ்டாண்டாகவே இருக்கட்டும். பெயர் மட்டும் இனி உங்களுடையதாக இருக்கட்டும். டெலிவரிக்காரர் கம்பம் ஜீப் ஸ்டாண்டில் நின்று, ஊர் கேட்க, "வியாகுலமேரி" என்று கூப்பிட வேண்டும். அம்மா அப்போது மலையில் இருப்பார். "எங்க ஜீப்புதான், குடுங்க" என்று அண்ணன் கை நீட்டட்டும்.

பொறுமையாகக் கேட்டீர்கள், நன்றி. இனி காலை நீட்டி உட்காருங்கள் தாய்மார்களே. வணக்கம்.