முப்பத்தெட்டுக் கோப்புகளை மறுபடி திறந்தவருக்கு

மயிலையில் பிறந்து, மாணவியருக்கு உயிரியல் பயிற்றி, முப்பத்தாறாம் வயதில், நோயாளிகளின் கோப்புகளைப் படித்து நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய குறியீடுகளை இடும் மருத்துவக் கோடிங் பணிக்கு மாறிவந்து, இருபத்திரண்டு ஆண்டுகள் இந்தத் தியாகராய நகர் அலுவலகத்தின் மூன்றாம் தளத்தில் எங்களோடு அமர்ந்து, இன்று பணிநிறைவு காணும் தணிக்கையாளர் திருமதி மர்சலின் ராஜநாயகம் அவர்களே, வணக்கம்.

காலந்தவறாமை, கனிவு, கடமையுணர்வு ஆகிய மூன்றும் இத்தகைய மடல்களில் தவறாமல் இடம்பெறுபவை. அவை உங்களிடமும் உண்டு. நாங்கள் சொல்ல விரும்புவதோ 2022ஆம் ஆண்டில் நடந்த ஒன்றை. அதை எழுதலாமா என்று உங்களிடமே கேட்டோம். “எழுதுங்க. ஆனா என் தப்பையும் சேர்த்து எழுதுங்க” என்றீர்கள். அவ்வாறே எழுதுகிறோம்.

தீராத முதுகுவலிக்குத் தண்டுவடத்தருகே மெல்லிய மின்கம்பிகளை வைத்து, இடுப்புக்குக் கீழே தோலுக்கடியில் சிறிய பேட்டரிப் பெட்டி ஒன்றைப் பொருத்துவது ஒரு சிகிச்சை. சிலருக்கு அதில் தொற்று ஏற்பட்டுச் சீழ் பிடிக்கும். கம்பியில் தொற்று என்றால் ஒரு குறியீடு, பெட்டியில் தொற்று என்றால் வேறொரு குறியீடு. கடல்கடந்த மருத்துவமனை ஒன்றின் கோப்புகள் 2019இல் நம்மிடம் வந்தபோது, புதியவர்களுக்காக நீங்கள் ஒரு பக்கக் குறிப்பு எழுதினீர்கள். அதில் தண்டுவடக் கருவித் தொற்று அனைத்துக்கும் கம்பிக்குரிய குறியீட்டையே தந்துவிட்டீர்கள். எல்லா மேசைகளிலும் ஒட்டப்பட்டிருந்த அந்தக் குறிப்பை மூன்றாண்டுகள் எவரும் ஐயுறவில்லை, நாங்களும்தான்.

ஒரு செவ்வாய்க்கிழமை, பணியில் சேர்ந்து நான்கு மாதங்களே ஆன ஷண்முகப்ரியா, பேருந்து ஓட்டுநர் ஒருவரின் கோப்போடு உங்களிடம் வந்தார். “மேடம், ஒயர் சுத்தமா இருக்குன்னு டாக்டரே எழுதியிருக்காரு. நாம ஏன் ஒயர்ல இன்ஃபெக்‌ஷன்னு போடுறோம்?”

நீங்கள் குறியீட்டுப் புத்தகத்தை எடுத்துப் பார்த்தீர்கள். பிறகு எழுந்து, மேசை மேசையாகச் சென்று அந்தக் குறிப்பை உங்கள் கையாலேயே உரித்தெடுத்தீர்கள்.

அப்போதைய பிரிவு மேலாளரும், இன்று இவ்விழாவின் தலைவருமான திரு. கணேசமூர்த்தி அவர்கள், இனிமேல் சரியாகப் போட்டால் போதும் என்றார். பழைய கோப்புகள் தணிக்கை முடிந்தவை. அவற்றைத் திறந்தால் மருத்துவமனை நம்மை விட்டுப் போகக்கூடும், பதினான்கு பேர் வேலை அதில் இருக்கிறது என்றும் சொன்னார். அவர் அஞ்சியதில் நியாயம் இருந்தது. “பழசை யாரும் தோண்ட மாட்டாங்க மேடம்” என்று அவர் முடித்தபோது, “அவங்க தோண்ட வேணாம் சார். நானே எடுத்துக் குடுத்துடறேன்” என்றீர்கள்.

தவறு என் குறிப்பில் நேர்ந்தது, பிறர் எவருக்கும் அதில் பங்கில்லை என்று அன்றே மருத்துவமனைக்கு எழுதினீர்கள். அந்தக் குறிப்பைப் பார்த்துக் குறியீடு இட்டிருந்த முப்பத்தெட்டுக் கோப்புகளையும் மூன்று வாரங்கள் ஒரு வரி விடாமல் படித்தீர்கள். ஒன்பது மட்டுமே கம்பித் தொற்று. இருபத்துமூன்று பெட்டித் தொற்று. எஞ்சிய ஆறில் மருத்துவர்கள் தெளிவாக எழுதியிருக்கவில்லை. ஊகித்து நிரப்பாமல் ஆறு பேருக்கும் கேள்வி அனுப்பினீர்கள். நால்வர் பதில் எழுதினர். அந்த நாட்களில் நீங்கள் மதியம் எங்களோடு வந்து உண்ணவில்லை. அழைக்கவும் எங்களுக்குத் தெரியவில்லை.

மருத்துவமனை நம்மை விட்டுப் போகவில்லை. தணிக்கைப் பொறுப்பு மட்டும் எட்டு மாதங்கள் உங்களிடமிருந்து எடுக்கப்பட்டது. அன்றாட இலக்கோடு, புதியவர்கள் வரிசையில் அமர்ந்து கோடிங் செய்தீர்கள். திரு. கணேசமூர்த்தி பதவி உயர்வு பெற்றபோது, உங்களுக்கென்று எல்லோரும் எண்ணியிருந்த மேலாளர் பதவி உங்களோடு பணியாற்றிய திரு. சேரனுக்குப் போனது. அறிவிப்பு வந்த மாலை சொல்லிக்கொள்ளாமல் கிளம்பிவிட்டீர்கள். உங்களுக்கு வருத்தமே இல்லை என்று நாங்கள் எழுதினால் அது பொய்.

மறு ஆண்டு மருத்துவமனையிலிருந்து நான்கு வரிக் கடிதம் வந்தது. நம் பழைய குறியீடுகளை நம்பி, அவர்களின் தொற்றுத் தடுப்புக் குழு கம்பி பொருத்தும் முறையிலேயே குறை தேடிக்கொண்டிருந்ததாம். திருத்திய பட்டியலைக் கண்டபின் பெட்டி புதைக்கும் முறையை மாற்றினார்கள். ஆண்டுக்கு எட்டு, ஒன்பதாக இருந்த பெட்டித் தொற்று மூன்றாகக் குறைந்தது. கடிதத்தில் உங்கள் பெயர் இல்லை. திரு. கணேசமூர்த்தி அதைக் கூட்டத்தில் படித்துவிட்டு, “இது மர்சலின் மேடத்துக்கு வந்த லெட்டர்” என்று உங்கள் கையில் கொடுத்தார்.

நாங்கள் கைதட்டினோம். நீங்கள் கடிதத்தை இருமுறை படித்துவிட்டு, “இன்னும் மூணு பேருக்கு வந்திருக்கே” என்றீர்கள்.

அம்மையீர், நாளை முதல் உங்கள் காலை உங்களுடையது. கணவர் திரு. ராஜநாயகம் அவர்களோடும், மகள் ஜூலியட்டோடும் நலமே சூழ நெடுங்காலம் வாழுங்கள். நோயாளியின் பெயர் எழுதும் இடத்தில் உங்கள் பெயரை எந்த ஊர்க் கோப்பிலும் எவரும் காணாதிருக்கட்டும்.

அன்புடன்,
தண்டுவடம் மற்றும் நரம்பியல் கோடிங் பிரிவு ஊழியர்கள் பதினாறு பேர்,
தியாகராய நகர், சென்னை.