இன்கம்பஸ்டிபிள் தீப்பெட்டி

...வெள்ளக்காரன் போயி பதினஞ்சு வருசமாச்சு, அவன் வார்த்த மட்டும் இங்கனயே இருந்து என் கழுத்த அறுக்குது அண்ணாச்சி. இப்படித் தள்ளி ஒக்காருங்க, பஸ்ஸு ஜன்னல் வழியா வெயிலு மூஞ்சில அடிக்குது. புதியம்புத்தூருக்கா? நானும் அங்கனதான். எம்பேரு வேதமுத்து. கோவில்பட்டி தீப்பெட்டிக் கம்பெனியில கிளார்க்கா இருந்தேன். போன மாசம் சீட்டக் கிழிச்சிட்டாவ. இப்ப ரெடிமேடு சட்டை தைக்குத சண்முகராஜ் மொதலாளி, சட்டைக்கு இங்கிலீசுல பேரு வைக்க ஆளு வேணும்னு சொல்லி விட்டிருக்காவ. அவுகள நான் முன்னப்பின்ன பாத்ததில்ல. இந்த வேலையும் கெடைக்கலைன்னா வீட்டுல ஒல கொதிக்காது.

நானும் லேசுப்பட்ட ஆளில்ல. எவனுக்கும் தெரியாத வார்த்தையாப் பாத்து எடுத்து விடுவேன். எழுதுதது 'கலோனல்', சொல்லுதது 'கர்னல்'. பைபிள்ல வர்ற சங்கீதத்துக்கு இங்கிலீசுல 'சாம்', அதுக்கு முன்னால ஒரு 'பி' நிக்கும், அத வாயில எடுக்கப்படாது. சாப்பாட்டுக்கு ஒரு வார்த்த இருக்கு... எழுத்துக்கூட்டுனா 'விக்டுவல்ஸ்', சொல்லுதது 'விட்டில்ஸ்'. ஒருநாளு எம்பொண்டாட்டி மதலேனம்மாள்கிட்ட, 'விட்டில்ஸ் வந்தாச்சா'ன்னு கேட்டேன். விட்டில்பூச்சின்னு நெனச்சு வெளக்க அணைச்சிட்டா.

எங்கன விட்டேன்... ஆங், தீப்பெட்டி. கம்பெனி மொதலாளி, நம்ம பெட்டி நல்லாப் பத்தும்ங்கதுக்குப் பெரிய வார்த்தையா ஒண்ணு சொல்லச் சொன்னாவ. ரயில்வே கூட்ஸ் ஷெட்டுல ஒரு பீப்பாயில 'ஃப்ளேமபிள்'னு போட்டிருந்தான், இன்னொண்ணுல 'இன்ஃப்ளேமபிள்'னு போட்டிருந்தான். ரெண்டுக்கும் தீப்பிடிக்கும்னுதான் அர்த்தம். சரி, 'இன்' சேத்தா வேகம் கூடும்போலன்னு நானே ஒரு இலக்கணம் போட்டுக்கிட்டேன். 'கம்பஸ்டிபிள்'னா எரியும், அப்ப 'இன்கம்பஸ்டிபிள்'னா இன்னும் நல்லா எரியும். லேபிளு அச்சடிச்சு ஒட்டி பம்பாய்க்கு ஏத்தியாச்சு.

அங்கன இருந்து கடுதாசி வருது. என்ன செஞ்சாலும் எரியாததுக்குத்தான் அந்த வார்த்தையாம். போதாக்குறைக்கு மழையில நமுத்துப்போயி பெட்டியும் பத்தல. அந்த யாவாரி எழுதுதான், 'எரியாதுன்னு மேலயே போட்டுட்டீங்க, உங்க மேல குத்தஞ்சொல்ல வழியில்ல'ன்னு.

அச்சாபீசுக்காரன் செஞ்ச தப்புன்னுதான் ஊரெல்லாம் சொல்லுதேன். உங்ககிட்ட என்ன அண்ணாச்சி, நெசத்தையே சொல்லுதேன். மதலேனம்மாள் அன்னைக்கே சொன்னா, 'ஒருதரம் டிக்சனரியப் பொரட்டிப் பாத்துருங்க'ன்னு. எனக்கேவான்னு கேட்டுட்டேன். இப்ப நெனச்சாலும் வெக்கமா இருக்கு.

இந்தத் தடவ அப்படி ஆகாது. சட்டைக்கு ஒரு வார்த்த வச்சிருக்கேன் பாருங்க, 'த்ரெட்பேர்'. 'த்ரெட்'டுன்னா நூலு, 'பேர்'னா தாங்குதது. நூலு தாங்கும், சட்டை கிழியாது. பேருலயே பேரு இருக்கு, கவனிச்சீங்களா?

டிக்சனரியா... அது வீட்டுல கெடக்கு அண்ணாச்சி.

என்னது? நைஞ்சு நூல்நூலாப் போன பழந்துணியத்தான் 'த்ரெட்பேர்'ம்பானா? உங்களுக்கு எப்படித் தெரியும்?

ஏன் எந்திரிச்சிட்டீங்க, ஊரு வந்துட்டோ... கண்டக்டரு ஏன் உங்கள சண்முகராஜ் மொதலாளிங்குதாரு?

அண்ணாச்சி... கோவில்பட்டிக்குத் திரும்புத பஸ்ஸு எங்கன நிக்கும்?