கோரிப்பாளையத்துப் பாங்கு

சாயங்காலம் ஆறு பத்துக்கு, சிம்மக்கல் போகிற டவுன்பஸ் கோரிப்பாளையத்தில் பழுதாகி நின்றுவிட்டது. மெக்கானிக்குக்குச் சொல்லிவிட்டுக் காத்திருந்தோம். சற்று நேரத்தில் தொழுகைக்கு அழைக்கும் பள்ளிவாசல் பாங்கு கேட்டது. முன்சீட்டுப் பெரியவர் பேரீச்சம்பழத்தைக் கையில் வைத்தபடி போனையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“நோன்பைத் திறங்க பாய். எதுக்குத் தாமசம்?” என்றார் பக்கத்திலிருந்த நண்பர்.

“எம்மகன் இன்னும் திறக்கலயே மாப்ள. வடதுருவத்துல, பனிக்கு நடுவுல ஆராய்ச்சிக் கப்பல்ல கெடக்கான். இப்ப அங்க பொழுதே விடியாதாம். தெனமும் நான் போன்ல நம்ம ஊருப் பாங்கைக் கேக்க வைப்பேன், அவன் நோன்பு திறப்பான். நேத்து ராத்திரியில இருந்து லைன் கிடைக்கல.”

“அந்தப் பனிக்கு எதுக்கு விட்டீக?”

“முந்தி அங்க போன கப்பலெல்லாம் பனியில சிக்கி நகர முடியாம, எம்புட்டோ பேரு திரும்பலன்னு அவந்தான் படிச்சுச் சொன்னான். ‘அப்புறம் ஏண்டா போற?’ன்னேன். ‘அவங்க பாத்ததை நானும் பாக்கணும் அத்தா’ன்னுட்டான்.”

பாய் மறுபடி எண்ணை அழுத்திப் போனைக் காதில் வைத்தார். பின்சீட்டில் நான் வெளியூரில் படிக்கும் என் மகளின் எண்ணைத் தேடினேன்.

ஒருவழியாக மெக்கானிக் வந்தார். எஞ்சினைப் பார்த்துவிட்டு, “இது இனி நகராதுங்க” என்றார்.

“அப்படிச் சொல்லாதப்பா” என்றார் பாய், போனைக் காதிலிருந்து எடுக்காமல்.