என் உடம்பு வேன் ஏறிப் போன நாள்

ஓடுகிறோம். கீழ்பென்னாத்தூர் ரோட்டை விட்டு இறங்கி, மல்லாட்டைக் கொல்லைக்குள் வேர்க்கடலைச் செடிகளை மிதித்துக்கொண்டு ஓடுகிறோம். பின்னால் மலை. கோபுரங்களுக்கு நடுவில் கரும்புகை. குண்டு வரும்போது முதலில் சீழ்க்கை கேட்கும். பிறகு ஒன்றும் கேட்காது. அதற்குப் பிறகுதான் வெடிக்கும். சண்டை தொடங்கிய சில நாளிலேயே காது இதைக் கற்றுக்கொண்டது. என் இடுப்பில் பவானி. இரண்டு வயது. பின்னால் என் தங்கை மல்லிகா. ரோட்டு வளைவில் என் புருஷன் ஏழுமலை ஒரு வேனை மறித்து நிறுத்தியிருக்கிறார். கையை ஆட்டுகிறார்.

"படுங்க! எல்லாரும் படுங்க!"

யார் கத்தியது, தெரியாது. பவானியை அடியில் போட்டுக் குப்புற விழுந்தேன். முதுகில் மண் கொட்டியது. காது அடைத்துக்கொண்டது. அது திறந்தபோது மல்லிகாவின் அலறல் கேட்டது.

1991. ஐப்பசி மாதம். மழை விட்ட பகல்.

மல்லிகாவுக்கு வலது கால் முட்டிக்குக் கீழே நைந்து கிடந்தது. என் முந்தானையைக் கிழித்து இறுக்கிக் கட்டினேன். ரத்தம் குறைந்தது. அலறல் குறையவில்லை.

"தாங்க முடியலக்கா. கொஞ்ச நேரம் மாறிக்கக்கா. நான் ஓடிப்போயி மாமாவ கூட்டியாந்துடறேன். ரெண்டு பேருமா உன்னைத் தூக்கிடறோம். வேன்ல ஏறினதும் மாறிக்கலாம்."

கூடு மாறுவது எங்களுக்குப் புதிதல்ல. நெற்றியோடு நெற்றி வைக்க வேண்டும். மூச்சு ஒன்றாக வேண்டும். அவள் உயிர் என் உடம்புக்கு வரும். என் உயிர் அவள் உடம்புக்குப் போகும். இரண்டு பேருமே மனதார ஒப்ப வேண்டும், மாறுவதற்கும் திரும்புவதற்கும். எங்கள் பக்கம் மகள் பிரசவத்தில் துடித்தால் தாய் கொஞ்ச நேரம் மாறிக்கொள்வாள். பவானி பிறந்தபோது அம்மா எனக்காக மாறினாள். அந்த அம்மா முந்தாநாள்தான் எங்கள் வீட்டுச் சுவருக்கு அடியில் போனாள். இனி மல்லிகாவுக்குத் தாய் நான்தான்.

நெற்றியைக் கொடுத்தேன்.

வலி வந்தது. அதைப் பற்றி எழுத எனக்கு வார்த்தை இல்லை. கண்ணைத் திறந்தால் என் முகம் என்னைக் குனிந்து பார்க்கிறது. என் கை பவானியைத் தூக்குகிறது.

"இங்கயே இரு. வந்துடறேன்."

என் கால்கள் ஓடுவதைப் பார்த்தேன். நான் அவ்வளவு வேகமாக ஓடுவேன் என்று எனக்கே தெரியாது. வேனை அடைந்தாள். ஏழுமலை பிள்ளையை வாங்கினார். அவள் ஏறினாள். அவரும் ஏறினார். கதவு அடித்த சத்தம் கொல்லை வரைக்கும் கேட்டது.

"ஏங்க! மல்லிகா! ஏங்க!"

கத்தியது மல்லிகாவின் குரல். வேன் போகிறது. நிற்கவே இல்லை. வளைவில் திரும்புகிறது. அது விட்ட புகை அடங்குகிறது.

குண்டு விழுகிற இடத்தில் வேன் எப்படி நிற்கும் என்று நினைத்தேன். நாலைந்து மாதம் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

என்னைத் தூக்கியவர் கரீம் பாய். டவுனில் பாத்திரக்கடை வைத்திருந்தவர். காப்பாற்றிக் கொண்டுவந்த அண்டா குண்டானையெல்லாம் தள்ளுவண்டியிலிருந்து ரோட்டோரம் உருட்டிவிட்டு என்னை ஏற்றினார். அவர் மனைவி என் தலையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். ஆஸ்பத்திரியாக மாறியிருந்த ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் அந்தக் காலை வெட்டி எடுத்தார்கள். கரும்பலகையில் வாய்ப்பாடு அழியாமல் இருந்தது.

பங்குனியில் சண்டை ஓய்ந்தது. ஏழுமலை வேங்கிக்காலில் வீடு பிடித்திருப்பதாகத் தகவல் வந்தது. ஆட்டோவில் போனேன். கதவைத் திறந்தது என் முகம். கழுத்தில் என் தாலி.

"வா மல்லிகா. உள்ள வா," என்றாள்.

"மாறிக்கலாம் வாடி," என்றேன்.

அவள் ஒரு அடி பின்னால் போனாள். ஏழுமலை உள்ளேயிருந்து வந்தார்.

"ஏங்க, நான் தேவகிங்க."

அவர் தரையைப் பார்த்தார். "தெரியும்."

"எப்போலேர்ந்து?"

"வேன்ல ஏறினதும் என்னை மாமானு கூப்பிட்டா. அப்பவே தெரிஞ்சிடுச்சு."

"தெரிஞ்சுமா வண்டிய விட்டீங்க?"

"ரத்தம் ஜாஸ்தியா போயிடுச்சுன்னு அவ சொன்னா. நீ பொழைப்பேன்னு நெனைக்கல. கொழந்தைக்கு ஒரு அம்மா வேணும் தேவகி. இப்பவும் பாரு, உன்னால அவளத் தூக்கிட்டு நாலு அடி வைக்க முடியுமா?"

பவானி அவள் புடவைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு என் ஊன்றுகோலைப் பார்த்தாள். "யாரும்மா இது?"

"சித்தி," என்றது என் வாய்.

ஊர்ப் பெரியவர்களிடம் போனேன். ஒப்பாதவளைத் திரும்ப மாற்ற ஒரு வழியும் இல்லை என்றார்கள். என் உடம்பு அவனிடம், என் உடம்பு இவளிடம் என்று அந்த வருஷம் பலர் வந்தார்கள். பொய் சொன்னவர்களும் இருந்தார்கள். யாரை நம்புவது என்று புருஷனைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். ஏழுமலை எல்லார் முன்னாலும் சொன்னார்: "பாவங்க, மச்சினிச்சிக்குச் சண்டையில மூளை கலங்கிடுச்சு."

அவள் பயத்தில் ஏறினாள். அதைக்கூட ஒரு நாள் மறந்துவிடலாம் என்று நினைத்திருக்கிறேன். வீட்டுக்குள் தெரியும் என்றவர் வெளியில் இதைச் சொன்னார். இதை நான் மறக்கமாட்டேன். படிக்கிற நீங்களும் மறக்கக் கூடாது.

கரீம் பாய் வீட்டுப் பின்னறையில் தங்கினேன். ரவிக்கை தைத்துப் பிழைத்தேன். வருஷங்கள் போயின. பவானி காலேஜ் முடித்தாள். 2009இல் அவளுக்குக் கல்யாணம் நிச்சயமானது. ஒரு நாள் என்னைத் தேடி அவளே வந்தாள். தையல் மிஷின் பக்கத்தில் நின்றாள். உட்காரவில்லை.

"சித்தி, தப்பா எடுத்துக்காதீங்க. கல்யாணத்துக்கு வந்து எதுனா சொல்லிடுவீங்கன்னு அம்மா பயப்படறாங்க. வராதீங்க, ப்ளீஸ்."

"சரிம்மா. நல்லா இரு," என்றேன். என்னைத் திட்டியிருந்தால்கூட இன்னொரு வார்த்தை பேசியிருப்பேன். அவள் அவ்வளவு மரியாதையாகக் கேட்டாள்.

இனி கணக்கு. எங்கள் தெருவில் செத்தவர்கள் ஆறு பேர். அம்மா, எதிர்வீட்டுத் தறிக்காரரும் அவர் மனைவியும், மாவு மிஷின் அண்ணன், அவருடைய இரண்டு பிள்ளைகள். வீடு போனது. மல்லிகாவின் வலது கால் போனது. உயிரோடு இருந்தும் எனக்கு இல்லாமல் போனவர்கள் மூன்று பேர். தங்கை, புருஷன், மகள். அப்புறம் என் உடம்பு. போன மாதம் கடைத்தெருவில் அதைப் பார்த்தேன். தலை நரைத்திருந்தது. என்னைப் பார்த்ததும் ரோட்டின் அந்தப் பக்கம் போய்விட்டது.

கரீம் பாய் மட்டும் என்னைத் தேவகிம்மா என்றுதான் கூப்பிடுவார். அவரும் போன ரம்ஜானுக்கு முன்னால் தவறிவிட்டார். இப்போது இந்த ஊரில் தேவகி என்றால் எல்லாருக்கும் அவள்தான்.