அத்தாயியின் கைப்பிடி அரிசி

டார்ச்சை அணைத்துவிடுங்கள். மெக்கானிக் பேளுக்குறிச்சியிலிருந்து ஏறி வந்து இந்த பஸ்ஸைக் கிளப்புவதற்குள் விடிந்துவிடும். இந்தச் சோளக்காட்டு மலைக் குளிரில் யாருக்கும் தூக்கம் வரப்போவதில்லை. நெருங்கி உட்காருங்கள், ஒன்று சொல்கிறேன்.

என் சிநேகிதன் தவ்பீக்கின் தாய்மாமா அப்துல் சலாமுக்கு நடந்தது. மிளகு வியாபாரி. தொண்ணூற்றொன்பதாம் வருஷம், தை மாசம்... ராத்திரி எட்டு மணி இருக்கும். மொபெட்டில் மிளகு மூட்டையோடு தனியாக மலையிறங்கிக்கொண்டிருந்தார். ஒரே பனி. ஒரு கொண்டை ஊசி வளைவில் வண்டி நின்றுவிட்டது. உதைத்தார், உதைத்தார்... கிளம்பவில்லை.

அப்போதுதான் கவனித்தார். சில்வண்டுச் சத்தம் இல்லை. அந்த இடத்து மரங்களில் ஒரு இலைகூட இல்லை. பிறகு ஒரு வாடை... பழுக்கக் காய்ச்சிய இரும்பு மாதிரி.

ரோட்டோரம் ஒருவர் நின்றார். முழங்கை வரை மஞ்சள் ரப்பர் கையுறை.

செல்லமுத்து.

அவரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். மலைக்காரர். கொஞ்சம் மிளகு, கொஞ்சம் மரவள்ளி. மழை பொய்த்த வருஷம், ஒரு கான்ட்ராக்டர் ஆள் பிடிக்க வந்தான். வடக்கே எங்கேயோ ஓர் அணுமின் நிலையத்தில் குழாய் வெடித்து, உள்ளே எல்லாம் நாசமாகிக் கிடந்ததாம். துடைக்க ஆள் வேண்டும். சாக்கும் வாளியும் கொடுத்து உள்ளே அனுப்புவார்கள். கொஞ்ச நேர வேலை, முழு நாள் கூலி. துடைப்பது என்னவென்று யாரும் சொல்லவில்லை. எப்போது சொல்லியிருக்கிறார்கள், இப்போது சொல்ல?

ஐப்பசியில் போனவர் மார்கழியில் தகரப் பெட்டியில் வந்தார். பற்றவைத்து மூடிய பெட்டி. திறக்கக் கூடாது, கிட்டே போகக் கூடாது, ஆழமாகப் புதையுங்கள் என்று சொல்லிவிட்டு லாரி திரும்பிவிட்டது.

அவர் பெண்சாதி அத்தாயி வாய்க்கரிசியோடு நின்றாள். வாய் எங்கே இருக்கிறது? தகரத்தின் மேல் போட்டாள். சலசலவென்று உருண்டு மண்ணில் கொட்டியது. மாமா அந்தச் சாவுக்குப் போயிருந்தார். அந்தச் சத்தம் இன்னும் காதை விட்டுப் போகவில்லை என்பார்.

அந்தச் செல்லமுத்துதான் நிற்கிறார். மாமாவின் கால் தன்னால் ஓர் எட்டு முன்னே போனது. அவர் ஓர் எட்டு பின்னே போனார்.

"கிட்ட வராதீங்க பாய்."

பேயைக் கண்டால் நாம் ஒதுங்குவோம். இந்தப் பேய் நம்மைக் கண்டு ஒதுங்குகிறது. மாமாவுக்குப் பயத்தைவிடப் பாவமாக இருந்ததாம்.

"அத்தாயிகிட்டச் சொல்லுங்க பாய். தெனம் ராவானா அரிசியோட வாரா. அவ வர வர நான் பின்னாலயே போறனுங்க. எங்குழியிலிருந்து இங்க வரைக்கும் வந்தாச்சு. ஓஞ்சு போச்சுங்க..."

திரும்பிப் பார்த்தார். அவருக்குப் பின்னால் பாதாளம்.

"இனிப் போக எடமில்லீங்க. கிட்ட வந்தா அவளுக்கும் ஒட்டிக்கும். வர வேண்டாமுன்னு சொல்லுங்க."

மாமா கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தபோது யாரும் இல்லை. வண்டி ஒரே உதையில் கிளம்பியது. நேராக அத்தாயி வீட்டுக்குத் திருப்பினார்.

அவள் சிம்னி வெளிச்சத்தில் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் சொன்னார். அவள் ஒன்றுதான் கேட்டாள்.

"பின்னால எடமில்லைன்னாருங்களா?"

"ஆமாம்மா. போகாதே."

"அப்ப இன்னிக்குக் குடுத்துரலாமுங்க."

ஒரு பிடி அள்ளிக்கொண்டு எழுந்தாள். மாமா வாசலை மறித்தார்.

"வுடுங்க பாய். வெறும் வாயோட அனுப்பிப்போட்டேன்" என்றாள்.

மாமா விலகி நின்றார். வீட்டிலேயே காத்திருந்தார்.

விடியற்காலையில் வந்தாள். நாள் முழுக்கக் கல் சுமந்தவள் மாதிரி சுவரோரம் சரிந்து உட்கார்ந்தாள்.

"வாங்கிக்கிட்டாருங்க" என்றாள். "வாய்க்குள்ள... இன்னுமே சூடா இருக்குதுங்க."

வலது கை சிவந்து வீங்கியிருந்தது. விரலிடுக்கில் நாலைந்து பருக்கை ஒட்டியிருந்தன. கொண்டுபோனது பச்சரிசி. இது வெந்திருந்தது.

மாமா விளக்கை எடுத்துக்கொண்டு ஓர் எட்டு முன்னே போனார். அத்தாயி உட்கார்ந்தபடியே பின்னால் நகர்ந்தாள்.

"கிட்ட வராதீங்க பாய்."