எண்ணூறாவது அடி

மூன்றாவது குண்டு. சத்தம் மேலிருந்து வரவில்லை. காலுக்கு அடியிலிருந்து வருகிறது. தொம். பிறகு ஒரு நீண்ட உரசல், இரும்புப் பீப்பாயைத் தார்ச்சாலையில் இழுப்பது மாதிரி. என் டீக்கடைத் தம்ளர்கள் பலகையிலிருந்து ஒவ்வொன்றாக விழுகின்றன. ஊர் இறங்குகிறது.

புரட்டாசிப் பௌர்ணமிக்கு மூன்றாம் நாள். காலை ஒன்பது பத்து. செங்கம் சாலை. என் பெயர் தனலட்சுமி. வயது நாற்பத்தாறு. நீங்கள் எழுதிக்கொள்ள, கண்டதைச் சொல்கிறேன். செய்ததையும் சொல்கிறேன்.

எங்கள் திருவண்ணாமலை மேகத்துக்கு மேலே மிதக்கும் தீவு. நடுவில் மலை. மலையைச் சுற்றிக் கிரிவலப் பாதை. அதை ஒட்டி ஊர். பாதை நின்ற உயரம் ஆயிரத்து நூறு அடி. எண்ணூறுக்குக் கீழே இருப்பது மஞ்சள் காற்று. நாலு மூச்சு, அவ்வளவுதான். பள்ளிக்கூடம் போகாதவர்களுக்கும் எண்ணூறு தெரியும். தெருவுக்குத் தெரு உயரம் காட்டும் மின்பலகை இருந்தது, சிவப்பு எண்ணில். யாரும் அதை அண்ணாந்து பார்த்ததில்லை. ஆயிரத்து நூறு மாறும் என்று யார் கண்டது?

எங்களோடு போரில் இருந்த மேல்தீவுப் படை அன்றைக்கு ஊரைச் சுடவில்லை. ஊரைத் தாங்கும் மிதவைப் பாறையைச் சுட்டது. பாவிகள், எங்கே அடித்தால் சாவோம் என்று தெரிந்தே அடித்தார்கள்.

பலகை 1042 காட்டுகிறது. 1015.

"மலை மேல ஏறுங்க! எல்லாரும் மலை மேல ஏறுங்க!" ஒரு போலீஸ்காரர் கத்திக்கொண்டே ஓடுகிறார்.

மலையேற மிஞ்சியது ஒரே படிக்கட்டு. மற்றவற்றை முதல் இரண்டு குண்டுகளின் அதிர்வில் சரிந்த பாறைகள் மூடிவிட்டன. அந்தப் படிக்கட்டின் வாசல் என் கடைக்கு நேர் எதிரே.

அதற்குச் சற்று முன்புதான் அக்கா போன் செய்திருந்தாள். மல்லிகா. கீழ்பென்னாத்தூரில் கட்டிக்கொடுத்தது. அது பக்கத்துத் தீவு, வேர்க்கடலையும் நெல்லும் விளையும் சின்னத் தீவு. எங்களைவிடத் தாழ்வாக மிதந்தது. விடியும்போதே அடிபட்டு இறங்கத் தொடங்கிவிட்டது. எங்கள் தீவுக்கு வரும் கிழக்குப் பாலம் அறுந்துபோனதால் வான்படகுகள் சுற்றிவந்து எங்கள் மேற்குத் துறையில் ஆட்களை இறக்கின.

"படகுல ஏறிட்டோம்டி. உன் கடைக்குத்தான் வந்துனு இருக்கோம். பயப்படாத" என்றாள். என்னைப் பயப்படாதே என்கிறாள், பாருங்கள்.

ஊர்ப்பக்கமிருந்து கூட்டம் வந்து குவிகிறது. நான் மைக்குப் பெட்டியை எடுத்தேன். பதினொரு வருஷமாகப் பௌர்ணமிக்குப் பௌர்ணமி கூட்டத்தை ஒழுங்குபடுத்தும் தொண்டு எனக்கு. என் குரல் கரடுமுரடு. அதனாலேயே என்னிடம் கொடுத்தார்கள். ஒரு வருஷம் எதிரே வந்த நாலு பேரால் நெரிசல் ஏற்பட்டு ஒரு பெண் மிதிபட்டாள். என் மடியில்தான் கிடந்தாள். அன்றிலிருந்து எதிரே யார் வந்தாலும் எனக்கு ரத்தம் கொதிக்கும். சாமியார், வெளிநாட்டுக்காரர் என்று பார்க்க மாட்டேன், கத்திவிடுவேன்.

"தள்ளாதீங்க! வரிசையா ஏறுங்க! பசங்கள முன்னாடி விடுங்க!" கேட்டார்கள். ஏறினார்கள். நூற்றுக்கணக்கில் ஏறினார்கள். அதுவும் உண்மை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

ஒன்பது இருபத்தாறு. பலகை 948. மேற்கு வளைவில் இன்னொரு கூட்டம் தெரிகிறது. மூட்டை, பை, ஒரு வெள்ளாடு. எதிர்ப்பக்கமாக, இடமாக வருகிறார்கள். இரண்டு கூட்டமும் படிவாசலில் மோதும். எனக்கு மடியில் கிடந்த அந்தப் பெண்தான் தெரிந்தாள். வாய் தானாகத் திறந்தது.

"எதிர்ல வராதீங்க! திரும்புங்க! வலமா சுத்தி வாங்க!"

நின்றார்கள். திரும்பினார்கள். ஏன் என்று ஒரு ஆள் கேட்கவில்லை. வலமாகச் சுற்றி வருவதென்றால் மலையை முழுதாகச் சுற்றி, ஊரைக் கடந்து வர வேண்டும். மூன்று மணி நேர நடை. படிக்கட்டு இருநூறு அடி தூரத்தில் இருந்தது. தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பார்கள். எனக்கும் அதே பழக்கம், அவர்களுக்கும் அதே பழக்கம்.

ஒரு ஆட்டோக்காரர் என் தோளைப் பிடித்து உலுக்கினார். "ஏம்மா, அவங்கள எங்க அனுப்புற? படி இங்கதான இருக்குது!"

ஐயோ.

மைக்கை வாயில் வைத்தேன். கீ என்று ஒரு சத்தம். அடங்கிவிட்டது. பௌர்ணமிக்குப் பிறகு சார்ஜ் போடவில்லை. நான்தான் போடவில்லை. வளைவு வரை ஓடினேன். தொண்டை கிழியக் கத்தினேன். நாலாவது குண்டு. தொம். வளைவில் சாலை இரண்டாகப் பிளந்தது. அந்தப் பக்கம் யாரும் தெரியவில்லை. அக்காவுக்குப் போன் அடித்தேன். மணி போனது. எடுக்கவில்லை. திரும்பத் திரும்ப அடித்தேன்.

பலகை 812 காட்டியபோது நான் மலையேறினேன். ஆம், ஏறினேன்.

பத்து பதினாலுக்கு ஊர் நின்றது. 790. எண்ணூறுக்குப் பத்தடி கீழே. மேலிருந்து பார்க்கிறோம். மஞ்சள் காற்று சாலையை நிரப்பிக் கடைப் பெயர்ப்பலகைகள் வரை வந்து அசையாமல் நிற்கிறது. அதற்குமேல் வெயில். மொட்டை மாடியில் நின்றவர்கள் அத்தனை பேரும் பிழைத்தார்கள். ஒரு மாடி ஏறியிருந்தால் போதும். யாருக்குத் தெரியும்?

மூன்றாம் நாள் மாடிக்கு மாடி ஏணிகளைக் கட்டி அவர்களை மலைக்குக் கொண்டுவந்தோம். அதில் கீழ்பென்னாத்தூர்க் கடலை வியாபாரி ஒருவர் இருந்தார். முட்டி வலி தாங்காமல் வழியில் ஒரு லாட்ஜ் மாடியில் ஏறி உட்கார்ந்தவர். நான் யாரென்று தெரியாமல் சொன்னார்.

"பாதிப்பேரு படிப்பக்கம் போலாம்னுதான் நின்னாங்க. மல்லிகாதான் திருப்புச்சு. 'மைக்ல பேசறது என் தங்கச்சி. அவ சொன்னா காரணம் இருக்கும், நடங்க'ன்னுச்சு."

இழந்தவை. என் கடை. தம்ளர்கள். பாதையோரம் இருந்த அத்தனை வீடுகளின் கீழ்த்தளம். கீழ்பென்னாத்தூர் முழுவதும், அதன் வயல்களோடு.

வளைவில் திரும்பியவர்கள் ஐம்பத்தெட்டுப் பேர். படகுக்காரர் எண்ணி ஏற்றியிருந்தார். பிழைத்தவர்கள் ஏழு. இறந்தவர்கள் ஐம்பத்தொன்று. அதில் மல்லிகா, வயது ஐம்பத்திரண்டு. அத்தான். அவர்கள் மகள் சுமதி, ஆறு மாதக் கர்ப்பம். வெள்ளாடு அவர்களுடையதுதான்.

அந்த ஐம்பத்தொரு பேரையும் குண்டு கொன்றதாக இறந்தவர்கள் பட்டியலில் எழுதியிருக்கிறார்கள். குண்டு ஊரை இறக்கியது. அவர்களைத் திருப்பி அனுப்பியது என் குரல். அதையும் சேர்த்து எழுதுங்கள்.